கானூன் வேலியா, சிறையா? ஓர் அல்பேனியப் படத்தை முன்வைத்து

மலையரசன்:
'தி ஃபர்கிவ்னஸ் ஆஃப் பிளட்' (2011) நேத்துதான் பார்த்தேன். வட அல்பேனியக் கிராமம். வண்டிப் பாதைத் தகராறு கொலையில முடியுது. அப்பா தலைமறைவு, பழிக்குப் பழி வாங்கிடுவாங்கன்னு மகன் நிக் வாசல் தாண்ட முடியாது. நல்ல படம்தான். ஆனா இயக்குநர் ஜோஷுவா மார்ஸ்டன் அமெரிக்கர், கானூனை, அதாவது அந்த மலைநாட்டுப் பழைய வழக்காற்றுச் சட்டத்தை, வெறும் ரத்தவெறியாக் காட்டிட்டார். அந்த வழக்காறு பழிக்கு வேலி போட்டது. பெண்ணைத் தொடக்கூடாது, வீடு புகுந்து கொல்லக்கூடாது, 'பெசா'ன்னு வாக்குக் கொடுத்தா கெடு முடியிறவரை துப்பாக்கி தூக்கக்கூடாது.

கயல்:
வீடு புகுந்து கொல்லக்கூடாதுன்னா வீட்டுக்குள்ளயே கிடன்னுதானே அர்த்தம்? நிக்கோட தம்பி பொடியன், அவனுக்கும் பள்ளிக்கூடம் இல்ல. பெண்ணுக்குக் கொடுத்த சலுகைக்கு நிக்கோட தங்கச்சி ரூதினா விலை கொடுக்கிறா. படிப்பை விட்டுட்டு அப்பாவோட குதிரைவண்டியில ரொட்டி விக்கப் போறா.

மலையரசன்:
பழைய கானூன்ல சுட்ட கைக்குத்தான் ரத்தக்கடன். என்வர் ஹோஜாவோட கம்யூனிஸ்ட் ஆட்சி அதை நசுக்கினது. 1991க்கு அப்புறம் திரும்பி வந்தப்ப விதியில பாதி மறந்துபோச்சு.

கயல்:
மறக்கலைங்க. கெச்சோவி பாதிரியார் தொகுத்து 1933ல அச்சான நூலிலேயே இருக்கு: பிந்தைய வழக்கப்படி தொட்டில்ல கிடக்கிற ஆண்பிள்ளையும் பழியிலிருந்து தப்ப முடியாது.

பழைய கணக்கன்:
ரெண்டு பேரும் அந்தப் பாதையை விட்டுட்டீங்களே! 1991ல 7501ஆம் எண் சட்டம் கூட்டுப்பண்ணை நிலத்தைக் குடும்பத்துல தலைக்கு இவ்வளவுன்னு பங்கு வெச்சது. வடக்குல பல ஊர்ல, பாட்டன் காலத்து எல்லைதான் எல்லைன்னு நின்னாங்க. படத்துலயும் அதே கதை: நிலம் ஒருத்தன் கையில, எங்க பாட்டன் மண்ணுங்கிற நினைப்பு இன்னொருத்தனுக்கு. தாலுகா ஆபீஸ்ல தீர வேண்டிய சமாசாரம். (முப்பது வருஷம் நில அளவைத்துறையில இருந்தவன் வேற எதைப் பார்ப்பேன்!)

மலையரசன்:
சரி அண்ணே. ஆனா 1990ல, அல்பேனியர்கள் வாழுற கொசோவோவுல நாட்டாரியல் பேராசிரியர் ஆன்டன் செட்டா முன்ன நின்னு நூற்றுக்கணக்கான பகையைத் தீர்த்தாரே? மே 1ஆம் தேதி வெர்ராத் எ லூகஸ்ங்கிற இடத்துல திறந்தவெளியில ஊர் ஊராக் கூடி, கொலையான மகனோட ரத்தத்தை மன்னிச்சாங்க. அந்த மன்னிப்புக்கும் கானூன்ல இடம் இருக்கு.

கயல்:
இருக்கு. தொடங்கி வெச்சது யாரு? சிறையிலிருந்து வந்த மாணவர்கள், அதுல பெண்களும் உண்டு. செர்பிய ஆட்சி கழுத்தை நெரிச்ச நேரம் வேற. நிக்கோட ஊர்ல பெரியவங்க கூடிப் பேசுறப்ப ரூதினாவை யாராவது உட்கார வெச்சுக் கேட்டாங்களா?

மலையரசன்:
தொட்டில் விஷயத்துல நான் சொன்னது தப்பு, ஒத்துக்கிறேன். பெசாவை மட்டும் விட்டுத்தர மாட்டேன்.