ட்ரைஃபஸ் புத்தகத்தைப் பரணில் போட்டுவிடலாமா?

ஒற்றைப்பனை:
கம்ப்யூட்டரால் முடியாதவை எவை என்று ஹூபர்ட் ட்ரைஃபஸ் 1972-ல் எழுதிய புத்தகத்தை இந்த வாரம்தான் முடித்தேன். ஜெர்மன் தத்துவவாதி ஹைடெக்கரைக் கரைத்துக் குடித்த தத்துவப் பேராசிரியர். அறிவு என்பது விதிமூட்டை இல்லை, உடம்போடும் சூழலோடும் பின்னிக் கிடப்பது என்கிறார். இன்றைக்கு சாட்பாட் வெண்பா வரைக்கும் வந்துவிட்டது (தளை தட்டுகிறது, அது வேறு கதை). புத்தகத்தைப் பரணில் போட்டுவிடலாமா?

கடற்காகம்:
தாராளமாக. 1967-ல் அமெரிக்காவின் எம்.ஐ.டி.யில் எழுதிய மேக்ஹேக் நிரலிடம் செஸ்ஸில் தோற்ற மனுஷன். 1997-ல் ஐ.பி.எம். கம்ப்யூட்டர் டீப் ப்ளூ உலக சாம்பியன் காஸ்பரோவையே சாய்த்தது. முடியாது என்பார்கள், முடிந்துவிட்டால் ‘இதெல்லாம் அறிவா’ என்பார்கள். எல்லைக்கோட்டை அழித்து அழித்துப் போட்டால் யார் ஜெயிப்பது?

ராத்திரிடூட்டி:
இந்த செஸ் கதையைச் சொல்கிறவர்கள் மறுபாதியை விழுங்கிவிடுகிறார்கள். அன்றைய நிரல்களுக்கு ஆடத் தெரியவில்லை என்றுதான் 1965-ல் எழுதினார், என்றைக்குமே முடியாது என்றல்ல. பத்தே வருடத்தில் கம்ப்யூட்டர் உலக சாம்பியன் ஆகிவிடும் என்று 1957-ல் சொன்னது செயற்கை நுண்ணறிவு முன்னோடி ஹெர்பர்ட் சைமன். பிடித்தது நாற்பது வருடம்! மரத்தில் ஏறியவன் நிலாவை நெருங்கிவிட்டதாகச் சொன்னானாம், ட்ரைஃபஸ் கிண்டலடித்தது அந்தப் புத்தியைத்தான். இன்றைய ஸ்டார்ட்அப் மேடைகளிலும் அதே மரம்தான்.

நான் நர்சிங் சொல்லித் தருகிறேன். ட்ரைஃபஸும் தம்பி ஸ்டூவர்ட்டும் 1980-ல் வகுத்த, கற்றுக்குட்டி நிபுணராகும் ஐந்து படிகளை பட்ரீஷியா பென்னர் 1984-ல் எங்கள் துறைக்கு எடுத்து வந்தார். புதிதாக வரும் பிள்ளை சார்ட்டில் பிபியைத் தேடிக்கொண்டிருக்கும். இருபது வருட சிஸ்டர் போர்வையை இழுத்து விடும்போதே நோயாளியின் கை ஜில்லென்றிருப்பது தெரிந்து டாக்டருக்கு போன் போட்டுவிடுவார். எந்த விதிப்படி என்று கேட்டுப் பாருங்கள், முழிப்பார்.

கடற்காகம்:
அக்கா, ஆயிரம் பேரைத் தொட்டுப் பார்த்துப் படிந்த பழக்கம்தானே அது? ஏஐ மாடலும் அதையேதான் செய்கிறது, கோடிக்கணக்கில். அதற்கும் யாரும் விதி எழுதித் தரவில்லையே.

ராத்திரிடூட்டி:
விதி எழுதினால் வேலைக்காகாது என்று சொன்னவரே அவர்தான் தம்பி! அந்தப் பாதி அவர் கணக்கில். மீதிக்கு வருகிறேன்: கை ஜில்லென்றிருந்ததை யாராவது சார்ட்டில் எழுதினால்தானே மாடலுக்குப் போகும்?

கடற்காகம்:
சென்சார் மாட்டினால் போகிறது.

ராத்திரிடூட்டி:
எங்கே மாட்ட வேண்டும் என்று சொல்லவும் அந்த சிஸ்டர்தான் வேண்டும்.

ஒற்றைப்பனை:
ஒன்று விட்டுப்போனது. டெர்ரி வினோகிராட், எம்.ஐ.டி.யில் ஷ்ருட்லு என்ற நிரலை எழுதியவர். கட்டைகளை அடுக்கச் சொன்னால் அடுக்கும், அந்த மேஜையைத் தாண்டினால் ஒன்றும் தெரியாது. பிற்பாடு ட்ரைஃபஸ் பக்கம் சாய்ந்து, ஸ்டான்ஃபோர்டில் கம்ப்யூட்டர் மாணவர்களுக்கு ஹைடெக்கர் நடத்தினார். அவரிடம் ஆராய்ச்சி செய்ய வந்தவர்களில் ஒருவர், பின்னாளில் கூகுளைத் தொடங்கிய லாரி பேஜ்.

கடற்காகம்:
சரி, பரண் வேண்டாம், அலமாரியிலேயே இருக்கட்டும். மேக்ஹேக்கிடம் தோற்றதை மட்டும் விடமாட்டேன்.