தியாலோகிஸ்த்: வசனகர்த்தாவா, கூற்றாளரா?

புதுச்சேரியிலிருந்து:

நண்பர்களுக்கு வணக்கம். எங்கள் திரைப்படச் சங்கக் கையேட்டுக்காக, பிரெஞ்சுப் படங்களுக்குப் பேச்சு எழுதிய மிஷேல் ஓதியார் (1920–1985) பற்றி ஒரு பக்கம் எழுதுகிறேன். வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போக வேண்டும். ஒரே ஒரு சொல்லில் சிக்கிக்கொண்டேன். பிரெஞ்சுப் படங்களில் திரைக்கதை, தழுவல், பேச்சு என்று பெயர்களைத் தனித்தனியே போடுவார்கள். பேச்சு எழுதியவர் 'தியாலோகிஸ்த்'. ஜார்ஜ் லோத்னர் இயக்கிய 'லே தோன்தோன் ஃப்லேங்கர்' (1963) ஆல்பேர் சிமோனனின் நாவலிலிருந்து வந்தது. ஆனால் பிரெஞ்சுக்காரர்கள் இன்றும் மனப்பாடமாகச் சொல்வது அதில் ஓதியார் எழுதிய பேச்சைத்தான். 'திரைக்கதை ஆசிரியர்' என்று போட்டால் அவர் வேலையே மறைந்துவிடும். என்ன எழுதலாம்?

மதுரையிலிருந்து:

வசனகர்த்தா. இதற்குப் புதுச்சொல் எதற்கு அம்மா? 'அம்பிகாபதி' (1937) எழுதிய இளங்கோவனை நாம் வேறு எப்படிச் சொன்னோம்? 'பராசக்தி' (1952) வசனத்தை ஒப்பித்தே மேடைப்பேச்சு பழகியவர்கள் எங்கள் தெருவில் இருந்தார்கள். இயக்குநருக்குச் சமமாக வசனம் எழுதியவரைக் கொண்டாடும் வழக்கம் நமக்கும் உண்டு, பிரெஞ்சுக்காரர்களுக்கும் உண்டு. ஆங்கிலம் வழியே தேடுவதால்தான் கையிலிருக்கும் சொல் கண்ணில் படுவதில்லை.

கோவையிலிருந்து:

வசனம், கர்த்தா இரண்டும் வடசொல். உரையாடலாசிரியர் நீளம். உரையாசிரியர் என்று சுருக்கினால் அது தொல்காப்பியத்துக்கு உரை எழுதிய இளம்பூரணரின் பெயர். நான் சொல்வது 'கூற்றாளர்'. தலைவி கூற்று, தோழி கூற்று, செவிலி கூற்று என்று யார் வாய்ச்சொல் என்பதை வைத்தே அகப்பாட்டைப் படிக்கிறோம். யாருக்கு எந்த இடத்தில் கூற்று நிகழும் என்று தொல்காப்பியர் வகுத்தே தந்திருக்கிறார். அந்தந்தப் பாத்திரத்தின் வாய்க்கு ஏற்ற பேச்சை எழுதுபவருக்கு இது பொருந்தாதா?

மதுரையிலிருந்து:

ஐயா, கூற்று எமனும்தான். 'அரைசியல் பிழைத்தோர்க்கு அறங்கூற்று ஆவதூஉம்' என்ற சிலப்பதிகார வரி உங்களுக்குத் தெரியாததா! அதை விடுங்கள். கூற்றாளர் என்றால் கூறுபவர். அவர் நடிகர், எழுதியவர் அல்லர். தோழி கூற்றை எழுதியவர் கபிலர், அவரை யாரும் கூற்றாளர் என்பதில்லை.

யாழ்ப்பாணத்திலிருந்து:

ஒரு சிறு ஐயம். 'ஓடியார்' என்றும் சிலர் எழுதக் கண்டேன். பிரெஞ்சு மொழியில் அது பல்லில் பிறக்கும் ஒலி, ஆகவே ஓதியாரே சரி. இன்னொன்றும் எழுதுங்கள். இவருடைய மகன் ழாக் ஓதியார் எடுத்த 'தீபன்' 2015இல் கான் விழாவில் தங்கப்பனை விருது பெற்றது. எங்கள் எழுத்தாளர் ஷோபாசக்திதான் அதில் நாயகன். தகப்பன் பாரிஸ் தெருப்பேச்சைத் திரைக்குக் கொண்டுவந்தார். மகனின் படத்தில் பெரும்பகுதி பேச்சு ஈழத்தமிழ். எனக்கு இது பெரிய விஷயம்.

புதுச்சேரியிலிருந்து:

நன்றி ஐயா, சேர்த்துவிட்டேன். பேச்சு என்றதும் எனக்கு 'லே தோன்தோன் ஃப்லேங்கர்' படத்தின் அந்தச் சமையலறைக் காட்சிதான் நினைவுக்கு வருகிறது. ரவுடிகள் மேசையைச் சுற்றி உட்கார்ந்து கள்ளச்சாராயம் குடித்துக்கொண்டு பழைய காலத்தை நினைத்து உருகுவார்கள். வார்த்தைகள் பாரிஸ் கொச்சை, வாக்கிய அமைப்போ செவ்விலக்கியம். பாரிஸின் பதினான்காம் வட்டாரத்தில் பிறந்து வளர்ந்தவரின் காது அது. வசனம் என்றால் நம் காதில் அடுக்குமொழிதானே விழுகிறது? அதனால்தான் தயங்குகிறேன்.

மதுரையிலிருந்து:

அந்தப் பழியைச் சொல்லின் மேல் போடாதீர்கள். பத்தொன்பதாம் நூற்றாண்டில் வசனம் என்றால் வெறும் உரைநடை. அடுக்குமொழி பின்னால் வந்தது, நம் படங்களில் அது போயும் விட்டது.

புதுச்சேரியிலிருந்து:

சரி. தனிமடலில் வந்த மூன்று பதில்களும் வசனகர்த்தா பக்கமே. அப்படியே அனுப்புகிறேன், முதல் இடத்தில் மட்டும் அடைப்புக்குறிக்குள் தியாலோகிஸ்த்.

கோவையிலிருந்து:

அனுப்புங்கள். ஆனால் 'கார்த் ஆ வ்யூ' (1981) திரைக்கதைக்கு வேறு இருவரோடு சேர்ந்து பிரெஞ்சுத் திரைத்துறையின் செசார் விருது வாங்கினாரே, அந்த வரியில் என்ன போடுவீர்கள்? நடிகர் பற்றிய மறுப்பை ஏற்கிறேன். 'கூற்றாசிரியர்' என்றால் அதுவும் தீர்ந்துவிடும். அடுத்த பதிப்புக்கு இதைக் குறித்து வையுங்கள்.