நாலு பேர் சேர்ந்து தொடர் எழுதும்போது வேலையை எப்படிப் பிரிப்பது?

கானாடுகாத்தான்காரன்:
எட்டு எபிசோடில் ஒரு வெப் சீரிஸ் எழுதுகிறோம், நாலு பேர். பூர்வீக வீட்டை இடித்து பர்மா தேக்குத் தூண்களை விற்றுவிடலாம் என்கிறார்கள் பாதிப் பங்காளிகள், மீதிப் பேர் விடமாட்டோம் என்கிறார்கள், அதுதான் கதை. ஆளுக்கு இரண்டு எபிசோட் என்று பிரித்தோம். இப்போது சேர்த்துப் படித்தால் என் எபிசோடில் வாயே திறக்காத பெரியவர் அடுத்ததில் பக்கம் பக்கமாகப் பேசுகிறார். எங்கே தப்பு?

வசன உதவி, சென்னை:
சீக்கிரம் பிரித்துவிட்டீர்கள் தம்பி. டைட்டிலில் கதை, திரைக்கதை, வசனம் என்று தனித்தனிப் பெயர் வருகிறதே, வேலையும் பெரும்பாலும் அப்படித்தான் நடக்கும். முதலில் எல்லோரும் டிஸ்கஷனில் உட்கார்ந்து ஒன்லைன், அதாவது கதைச் சுருக்கம் பிடிப்போம், அப்புறம் எந்தக் காட்சிக்குப் பின் எந்தக் காட்சி என்று சீன் ஆர்டர், வசனம் கடைசியில்தான். மெகா சீரியலில் வியாழக்கிழமை டிஆர்பி வந்ததும் ட்ராக்கையே மாற்றச் சொல்வார்கள், வசனத்தாள் சூடாக செட்டுக்குப் போகும். உங்களுக்கு அந்த நெருக்கடி இல்லை. எட்டு எபிசோடுக்கும் சீன் ஆர்டரை ஒன்றாகப் போட்டுவிட்டு அப்புறம் பிரியுங்கள். முடிவில் ஒருவர் கை எல்லாவற்றின் மீதும் ஓட வேண்டும்.

தேவகோட்டை ஆச்சி:
கடைசி யோசனையில் எனக்குப் பயம் இருக்கிறது. ஒரே கை ஓடினால் எல்லோரும் ஒரே மாதிரிப் பேசிவிடுவார்கள். திருத்தி முடித்ததும் ஆளுக்கொரு பாத்திரமாக எடுத்து வாய்விட்டுப் படியுங்கள், பிசிறு தானாகத் தெரியும். இன்னொன்று, யார் எந்தப் புள்ளி (கல்யாணமான குடும்பம் ஒவ்வொன்றும் எங்களுக்கு ஒரு புள்ளி), யார் யாரை எப்படிக் கூப்பிடுவார் என்று ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். ஒருவர் அப்பத்தா என்று எழுதி, அடுத்தவர் அதே கிழவியை ஆயா என்று எழுதினால் அப்பாவைப் பெற்றவள் அம்மாவைப் பெற்றவளாகிவிடுவாள், எங்கள் செட்டிநாட்டுப் பக்கத்தில் முதல் காட்சியிலேயே டிவியை அணைத்துவிடுவோம்.

பழைய வாசகன்:
டைட்டிலில் யார் பெயர் எதற்கு வரும் என்பதையும் இப்போதே பேசிவிடுங்கள். 2023இல் அமெரிக்க எழுத்தாளர்கள் 148 நாள் வேலைநிறுத்தம் செய்தார்களே, ஒரு தொடருக்குக் குறைந்தது இத்தனை எழுத்தாளர் வேண்டும் என்பதும் அதில் ஒரு கோரிக்கை. அங்கே சங்கம் இருந்தது, கேட்டார்கள். உங்கள் நாலு பேருக்குக் காகிதம்தான் துணை. கல்யாணத்துக்கே இசைகுடிமானம் என்று ஒப்பந்தம் எழுதும் ஊர் உங்களுடையது, கதை யாருடையது, வசனம் யாருடையது, ஒருவர் நடுவில் விலகினால் என்ன என்று எழுதிக் கையெழுத்துப் போட யோசிக்க வேண்டாம்.

கானாடுகாத்தான்காரன்:
நன்றி ஆச்சி, நன்றி அண்ணன்மாரே. ஞாயிற்றுக்கிழமை எங்கள் வீட்டு முகப்பில் நாலு பேரும் உட்காருகிறோம். முதல் வேலை நோட்டு, பங்காளிகள் எத்தனை பேர் என்பதிலேயே எங்களுக்குள் இன்னும் இரண்டு கணக்கு இருக்கிறது.