சாதாரண விஷயத்தை வேற கண்ணோட பாக்க வச்ச புத்தகம்: உங்களுக்கு நடந்தத எழுதுங்க

பின்னட்டை:
விஞ்ஞானி மைக்கேல் ஃபாரடேவோட மெழுகுவர்த்தி புத்தகத்த இங்க நிறைய பேர் படிச்சிருப்பீங்க, அதனால அறிமுகமெல்லாம் வேண்டாம். 1860 கடைசில ஆரம்பிச்சு சின்னப் பசங்களுக்காகப் பேசின ஆறு லெக்சர், 1861ல புத்தகமா வந்துச்சு. நான் பாதி படிச்சுட்டு வச்சுட்டேன். அப்புறம் ஒரு நாள் ராத்திரி கரண்ட் போச்சு, மெழுகுவர்த்தி ஏத்தினேன், கரண்ட் வந்ததும் ஊதி அணைச்சேன். திரியிலருந்து வெள்ளையா ஒரு புகை நூல் மாதிரி மேல போச்சு. அப்பதான் அவர் சொன்னது ஞாபகம் வந்துச்சு, அது வெறும் புகை இல்ல, மெழுகு ஆவியாகிப் போறது, அதுலயே தீ பிடிக்கும்னு. தீக்குச்சிய உரசி, திரிக்கு ரெண்டு விரக்கடை மேல, அந்தப் புகைல காட்டினேன். தீ அந்த நூலைப் பிடிச்சுக்கிட்டே கீழ இறங்கி ஓடிப்போய் திரில உக்காந்துருச்சு!! நான் திரியத் தொடவே இல்ல.

அன்னைக்கு அதே மெழுகுவர்த்திய பத்துப் பதினஞ்சு தடவை அணைச்சு அணைச்சு ஏத்தினேன், வேணும்னே லைட்டயும் நிறுத்திட்டேன். மூணு வருஷம் ஆச்சு, இன்னும் மனசுல ஓடிக்கிட்டே இருக்கு. ஏன்னா படிக்கும்போது நான் "சரி"ன்னு தாண்டிப் போன வரி அது. இந்த மாதிரி எத்தனை வரியத் தாண்டி வந்திருப்பேன்னு நெனச்சா ஒரு மாதிரி இருக்கு. உங்களுக்கும் இப்படி ஏதாவது நடந்திருந்தா எழுதுங்க.

சன்னலோரம்:
எனக்கு நத்தை புத்தகம். எலிசபெத் டோவா பெய்லி எழுதினது, 2010ல வந்தது. எழுந்திரிக்கவே முடியாத நோயில கெடக்கிற ஒருத்தங்களுக்கு யாரோ ஒரு பூந்தொட்டியோட ஒரு நத்தையையும் கொண்டாந்து வைக்கிறாங்க, அது ராத்திரில சாப்பிடுற சத்தம் அவங்களுக்குக் கேக்குது, காகிதத்துல சதுரமா ஓட்டை போடுது. நான் முதுகு ஆபரேஷன் முடிஞ்சு நாலு மாசம் படுக்கைல இருந்தப்ப அதைப் படிச்சேன்.

என்கிட்ட நத்தை இல்ல. சுவர்தான் இருந்துச்சு. காலைல சன்னல் வழியா ஒரு வெயில் துண்டு எதிர்ச் சுவர்ல விழும். அந்தச் சுவர்ல எப்பவோ ஆணி அடிச்சுப் பிடுங்கின ஒரு ஓட்டை. வெயிலோட ஓரம் அந்த ஓட்டைய நெருங்குறதப் பாத்துக்கிட்டே இருந்தேன், நத்தை நகர்றதப் பாக்குற மாதிரி. உத்துப் பாத்தா நகர்றது கண்ணுக்கே தெரியுது, சத்தியமா, ஒரு நிமிஷத்துக்கு ஒரு விரல் அகலம் இருக்கும். ஓட்டையோட ஒரு பக்கம் வெளிச்சம், மறுபக்கம் இருட்டு, அப்புறம் முழுசா வெளிச்சம். அந்த நிமிஷம் திடீர்னு உறைச்சது, வெயில் நகரல, நான் படுத்திருக்கிற கட்டில், சுவர், வீடு எல்லாம் சேந்து சுத்துது, பூமி சுத்துறத நான் படுத்துக்கிட்டே பாக்குறேன்னு. எழுந்து நிக்க முடியாத ஒருத்திக்கு அது என்ன பண்ணுச்சுன்னு சொல்லத் தெரியல. அழுதேன், அது மட்டும் ஞாபகம் இருக்கு.

புள்ளி:
ரெண்டு பேர் எழுதினதும் ரொம்பப் பிடிச்சது. ஆனா ஒண்ணு கவனிச்சீங்களா, ரெண்டு புத்தகமும் "அதிசயமா இருங்க, வியந்து பாருங்க"ன்னு சொல்லல. ஒண்ணு மெழுகுவர்த்தியப் பத்தி, ஒண்ணு நத்தையப் பத்தி. இப்ப அட்டைலயே "வியப்பு"ன்னு போட்டு நிறைய புத்தகம் வருது, எனக்கு அதுல ஒண்ணும் நிக்கல, மூடி வச்சதும் போயிடுது. எனக்கு நின்னது ராபர்ட் ஹூக்கோட மைக்ரோகிராஃபியா, 1665. மொத மொதல்ல அவர் லென்ஸ்க்கு அடியில வைக்கிறது ஊசி முனை. அதோட சேத்தே அச்சடிச்ச முற்றுப்புள்ளி. வட்டமா இருக்கும்னு நாம நெனைக்கிற புள்ளி லண்டன் தெருச் சேத்த அப்பின மாதிரி இருக்குன்னு எழுதுறார். டைரி எழுதுன சாமுவேல் பீப்ஸ் ராத்திரி ரெண்டு மணி வரைக்கும் முழிச்சிருந்து படிச்ச புத்தகம் அது.

நான் போன்ல மாட்டுற சின்ன லென்ஸ் ஒண்ணு வாங்கி வீட்ல இருந்த அச்சுத் தாளையெல்லாம் பாத்தேன். பாத்துக்கிட்டே வந்தப்ப காலேஜ் மலர் கையில மாட்டுச்சு, அதுல எங்க க்ரூப் போட்டோ. ரெண்டாவது வரிசைல நிக்கிறவன் இப்ப இல்ல, போய்ச் சேந்து ஆறு வருஷம் ஆச்சு. அவன் மொகத்துல லென்ஸ வச்சேன். மொகம் இல்ல. நீலப் புள்ளி, மஞ்சப் புள்ளி, ஒரு மாதிரி ரோஸ் புள்ளி, கருப்பு, அவ்ளோதான், நடுவுல வெத்துத் தாள். கண்ணு இருக்கிற எடத்துல கருப்பு கொஞ்சம் நெருக்கமா இருந்துச்சு. லென்ஸ எடுத்தா சிரிக்கிறான். வச்சா புள்ளி. எடுத்தா சிரிக்கிறான். எவ்ளோ நேரம் அப்படிப் பண்ணேன்னு தெரியல.

மடிச்சபக்கம்:
நான் ஆனி டில்லர்டோட டிங்கர் க்ரீக் புத்தகம் (1974ல வந்தது, அடுத்த வருஷமே புலிட்சர் பரிசு). அந்தத் தவளை எடம். தவளை அப்படியே உக்காந்திருக்கும், அவங்க கண்ணு முன்னாடியே காத்து எறங்குன பந்து மாதிரி சுருங்கிப் போயிடும், அடியில ஒரு பெரிய நீர்ப்பூச்சி உள்ள இருக்கிறதையெல்லாம் உறிஞ்சிருக்கும். ரயில்ல படிச்சேன், மூடி வச்சுட்டு எறங்குற வரைக்கும் தெறக்கல.

இத ஏன் சொல்றேன்னா, இந்த மாதிரி புத்தகம்னாலே மனசுக்கு இதமா இருக்கும்னு நெனச்சு எடுக்குறவங்க நிறைய. அப்படி எடுக்காதீங்க. மொதல்ல, ஒரே மூச்சுல படிக்காதீங்க. ஒரு நாளைக்கு ஒரு அத்தியாயம், அதுக்கு மேல போனா கண்ணு வரில ஓடும், மனசு ஓடாது, பின்னட்டை சொன்ன அந்தத் "தாண்டிப் போற" வியாதி அங்கதான் ஆரம்பிக்குது. ஆடியோ புக் வேண்டாம், நடுவுல நிறுத்தி வெளிய பாக்கத் தோணாது. அடிக்கோடு போடுறத விட்டுட்டு, படிச்ச பொருள் வீட்ல இருந்தா அதை எடுத்து முன்னாடி வச்சுக்கோங்க. அப்புறம் எழுதிப் பழகுங்க. ஜார்ஜ் பெரெக்னு ஒரு பிரெஞ்சு எழுத்தாளர் 1974 அக்டோபர்ல மூணு நாள் பாரிஸ்ல ஒரே சதுக்கத்துல உக்காந்து போற பஸ்ஸு, புறா, குடை, கையில பை வச்சிருக்கிறவங்கன்னு கண்ணுல பட்டத எல்லாம் குறிச்சார், ஒண்ணுமே நடக்காதப்ப என்ன நடக்குதுன்னு பாக்குறதுக்காக. மூணு நாள் வேண்டாம், இருவது நிமிஷம் பண்ணுங்க, மொத அஞ்சு நிமிஷம் சலிப்பாத்தான் இருக்கும், அதத் தாண்டணும். போன் பக்கத்து ரூம்ல இருக்கணும், சைலண்ட்ல போட்டா பத்தாது. இன்னொண்ணு, சன்னலோரம் தப்பா எடுத்துக்காதீங்க, உடம்பு முடியாம இருக்கிறவங்களுக்கு இந்த மாதிரி புத்தகத்தக் குடுக்காதீங்க. டில்லர்ட் மாதிரி ஏதாவது கைக்குப் போனா, அந்தத் தவளை மாதிரி ஒரு எடத்துல மனசு ஒடஞ்சு போகும். நல்லா இருக்கும்போது படிச்சு வச்சுக்கிட்டா முடியாதப்ப தானா வரும்.

சன்னலோரம்:
தப்பா எடுத்துக்கல, ஆனா ஒத்துக்கவும் முடியல. நல்லா இருந்தப்ப அந்த நத்தை புத்தகத்த ஒருத்தங்க எனக்குக் குடுத்தாங்க, ரெண்டு பக்கம் படிச்சுட்டுத் தூக்கிப் போட்டேன். சுவரத் தவிர வேற ஒண்ணும் இல்லாதப்பதான் அது எனக்குத் தெறந்துச்சு. வலியில இருக்கிறவங்க எதைத் தாங்குவாங்கன்னு வெளியிலருந்து முடிவு பண்ணாதீங்க, ப்ளீஸ்.

ஈரமண்:
ரேச்சல் கார்சன் பத்தி யாரும் சொல்லலையே? சைலண்ட் ஸ்ப்ரிங் எழுதினவங்கதான். குழந்தைகளோட வியப்பு பத்தி 1956ல ஒரு பத்திரிகைல கட்டுரையா எழுதினாங்க, பெருசா எழுதணும்னு இருந்தாங்க, 1964ல இறந்துட்டாங்க, அடுத்த வருஷம் அந்தக் கட்டுரையே படங்களோட புத்தகமா வந்துச்சு. ஒன்றரை வயசு தாண்டின அக்கா பேரன போர்வைல சுத்தி மழை ராத்திரில கடற்கரைக்குத் தூக்கிட்டுப் போவாங்கல்ல, ரெண்டு பேரும் அலையப் பாத்து சிரிப்பாங்கல்ல, அதைப் படிச்சுட்டு நானும் என் பொண்ணோட மொட்டை மாடிக்குப் போனேன். அவளுக்கு அப்ப நாலு வயசு. தொட்டி ஓரத்துல ஒரு பூச்சி, பச்சையா, ரெக்கை கண்ணாடி மாதிரி. அப்பா இது என்னன்னு கேட்டா. நான் உடனே போன எடுத்து போட்டோ புடிச்சு ஆப்புல போட்டு பேர் தேட ஆரம்பிச்சேன். பேர் கெடைச்சுது. தலைய நிமித்தினா அவ உள்ள போய்ட்டா. பூச்சியும் இல்ல.

தெரிஞ்சுக்கிறது, உணர்றதுல பாதி கூட முக்கியம் இல்லன்னு அந்தப் புத்தகத்துல இருக்கு. நான் அதைப் படிச்சுட்டுத்தான் மாடிக்கே போனேன். இப்ப அவளுக்கு ஒம்பது வயசு, இது என்னன்னு என்கிட்ட கேக்குறதே இல்ல, அவளே தேடிக்கிறா.

பாசிமதில்:
ஈரமண், வருத்தம் புரியுது, ஆனா கார்சன் சொன்னத வச்சு பேர் மேல பழி போடாதீங்க. பேர் தெரிஞ்சதுக்கு அப்புறம்தான் எனக்குக் கண்ணே தெரிஞ்சது. ராபின் வால் கிம்மரரோட பாசி புத்தகம் (2003). அவங்க தாவரவியல் படிச்சவங்க, ஒவ்வொரு வடிவத்துக்கும் ஒரு சொல்லு கைல இருந்தா வித்தியாசம் தானா கண்ணுல படும்னு சொல்றாங்க. அதுக்கு முன்னாடி எங்க மதில்ல இருந்தது "பச்சை". இப்ப மூணு வகை இருக்கு, ஒண்ணு வெல்வெட் மாதிரி, ஒண்ணு சின்னச் சின்ன நட்சத்திரம், ஒண்ணு ஒட்டிப் படர்றது. வெயில்ல காஞ்சு பழுப்பாகி செத்துப் போன மாதிரி இருந்த ஒரு திட்டுல ஒரு மூடி தண்ணி விட்டேன். ஒவ்வொரு இலையும் முறுக்கு அவுந்து விரிஞ்சுது, நான் குனிஞ்சு பாத்துக்கிட்டு இருக்கும்போதே, மூச்சு விடுற மாதிரி. பேர் தெரியாதவ எவளும் அங்க குனிஞ்சிருக்கவே மாட்டா. உங்க பொண்ணு தானே தேடிக்கிறான்னா அது நஷ்டம்னு எனக்குத் தோணல.

நாலாம்பக்கம்:
எல்லாம் வெளிநாட்டுப் புத்தகமாவே போகுதே. குறுந்தொகை 25வது பாட்டு எல்லாருக்கும் தெரியும்ல. யாரும் இல்லாதப்ப வந்து சேந்துட்டுப் போனவன் பொய் சொன்னா நான் என்ன பண்ணுவேன்னு தலைவி கேக்குறா, சாட்சி ஒரு குருகுப் பறவைதான், அதுவும் ஓடுற தண்ணில ஆரல் மீன் வருதான்னு பாத்துக்கிட்டு நின்னது. தினைத் தாள் மாதிரி அதோட கால். ஸ்கூல்ல வாத்தியார் உவமைன்னு சொல்லிக் குடுத்துட்டுப் போய்ட்டார், பரீட்சைலயும் அப்படியே எழுதினேன்.

என் தம்பி விஷயத்துல டாக்டர் எங்கள வெளிய கூப்பிட்டு வச்சுச் சொன்னார். என்ன சொன்னார்னு எனக்கு இப்ப ஒரு வார்த்தை ஞாபகம் இல்ல. அவருக்குப் பின்னாடி ஒரு வாஷ்பேசின், அந்தக் குழாய் நுனில ஒரு சொட்டு. பெருசாகிக்கிட்டே வருது, கீழ்ப்பக்கம் கனத்து, நீண்டு, விழப்போகுது, விழல, உள்ள ட்யூப்லைட் தலகீழா தெரியுது. அது விழுந்தப்ப டாக்டர் பேசி முடிச்சிருந்தார். ரெண்டு மூணு வருஷம் அதுக்காக என்னையே திட்டிக்கிட்டேன், அந்த நேரத்துல சொட்டப் பாத்துக்கிட்டு நின்னியேடான்னு. அப்புறம் ஒரு நாள் அந்தப் பாட்டு எதேச்சையா கண்ணுல பட்டுச்சு. தன் வாழ்க்கையே தொங்குற நேரத்துல அவ பாத்து வச்சிருக்கிறது ஒரு பறவையோட கால், அது என்ன நிறம், எவ்ளோ மெலிசு, என்ன மீன் தேடுச்சு எல்லாம். அன்னைக்கு ராத்திரி ரொம்ப நாளைக்கு அப்புறம் நல்லாத் தூங்கினேன்.

இரவல்வாசகர்:
மடிச்சபக்கம் சொன்ன அதே டில்லர்ட் புத்தகம், ஆனா எனக்குத் தவளை இல்ல, கண் ஆபரேஷன் வர்ற பகுதி. பொறந்ததுலருந்து பார்வை இல்லாதவங்களுக்குக் கண்புரை எடுத்ததும் அவங்க என்ன பாத்தாங்கன்னு வரும், ஒரு பொண்ணு மரத்தப் பாத்துட்டு விளக்கு வச்ச மரம்ன்ற மாதிரி சொல்லும். அதைப் படிச்ச அதே வாரம்தான் எங்க அப்பாவுக்குக் கண்புரை ஆபரேஷன். கட்டு பிரிச்சு வீட்டுக்கு வந்ததும் நேரா கொல்லைப் பக்கம் போனார், அங்க ஒரு பழைய பிளாஸ்டிக் வாளி, நீலக் கலர், எத்தனையோ வருஷமா அங்கயே கெடக்குது. அது முன்னாடி நின்னுட்டார். "இது எப்ப வாங்குனது?"ன்னு கேட்டார். பழசுதாம்பான்னேன். குனிஞ்சு விரலால தடவிப் பாத்தார். "இவ்ளோ நீலமா?"ன்னார்.

கண்ணுல புரை வளர வளர லென்ஸ் மஞ்சளாகும், நீல வெளிச்சத்த அது தடுத்துரும், கொஞ்சங் கொஞ்சமா ஆகுறதால யாருக்கும் தெரியாது. அப்ப எத்தனை வருஷமா அவருக்கு வானம் வேற நிறமா இருந்திருக்கு, பக்கத்துலயே இருந்த எனக்குத் தெரியல.

பின்னட்டை:
ரெண்டு கண்ணும் ஒண்ணாவா பண்ணாங்க, இல்ல விட்டு விட்டா?

இரவல்வாசகர்:
விட்டுத்தான். நடுவுல ஒரு மாசம். அந்த மாசம் பூரா வாசல்ல உக்காந்து ஒரு கண்ண மூடுவார், அப்புறம் அத தெறந்து மத்தத மூடுவார். ஒரு கண்ணுல சட்டை வெள்ளை, இன்னொண்ணுல பழுப்பு. இதுல எதுடா நெசம்னு என்கிட்ட கேட்டார். ரெண்டாவது கண்ணுக்குத் தேதி வந்தப்ப இன்னும் ஒரு வாரம் தள்ளிப் போட முடியுமான்னு கேக்கச் சொன்னார், நான் கேக்கல.