செல்லப்பிராணி குறும்படம்: சிரிப்பு யார் மேல் விழ வேண்டும்?

வால்நட்சத்திரம்:
நாய், பூனையை வைத்து நகைச்சுவைக் குறும்படம் எடுக்கும்போது, பார்ப்பவர்கள் சிரிக்க வேண்டியது வளர்ப்பவரைப் பார்த்துத்தான். கிழிந்த தலையணை முன்னால் நாயை உட்கார வைத்துத் திட்டி, அது முகத்தைத் திருப்பிக்கொள்வதைப் படம் பிடிப்பதை என்னால் நகைச்சுவை என்று ஏற்க முடியவில்லை.

ரீல்ராஜா:
ரொம்பக் கடுமை. அந்தத் திருட்டு முழிக்குத்தான் எல்லோரும் விழுந்து விழுந்து சிரிக்கிறார்கள். செய்த தப்பு தெரிந்துதானே முழிக்கிறது? கொஞ்ச நேரத்தில் மறந்துவிட்டு வாலாட்டிக்கொண்டு வரும்.

வால்நட்சத்திரம்:
தப்பு தெரிந்து வருகிற முழி இல்லை அது. நாய்களின் நடத்தையை ஆராயும் அலெக்சாண்ட்ரா ஹொரோவிட்ஸ் 2009இல் வெளியிட்ட ஆய்வு இதைத்தான் சோதித்தது. தொடாதே என்று சொன்ன தின்பண்டத்தை நாய் தின்றதா இல்லையா என்பதற்கும் அந்த முகத்துக்கும் சம்பந்தமே இல்லை. உரிமையாளர் திட்டினால் வந்தது. தின்னாத நாயைத் திட்டியபோது இன்னும் அதிகமாக வந்தது! காது பின்னால் மடங்கி, உதட்டை நக்கிக்கொண்டு, கண்ணின் வெள்ளை தெரியப் பார்த்தால் அது பதற்றம்.

ரீல்ராஜா:
சரி, திட்டுவதை விடுங்கள். அதுபாட்டுக்கு விட்டால் கதை எப்படி நகரும்? நடிகரிடம் இன்னொரு டேக் கேட்கலாம், பூனையிடம் கேட்க முடியுமா? பின்னால் ஒரு வெள்ளரிக்காயை வைத்தால் துள்ளும், காட்சி கிடைத்துவிடும்.

கத்தரிமேசை:
எடிட்டிங் செய்பவன் என்ற முறையில் குறுக்கே வருகிறேன். துள்ள வைக்கத் தேவையே இல்லை. ஒரே முகத்தைச் சூப்புக்குப் பக்கத்தில் ஒட்டினால் பசி, சவப்பெட்டிக்குப் பக்கத்தில் ஒட்டினால் துக்கம் என்று பார்ப்பவரே படித்துக்கொள்வார். ரஷ்ய இயக்குநர் லெவ் குலெஷோவ் பெயரால் இன்றைக்கும் சொல்லிக்கொடுக்கும் பாடம் இது. இப்படி ஒரு காட்சி வைத்துக்கொள்ளுங்கள்: டயட் ஆரம்பித்த அன்று ராத்திரி, ஃபிரிட்ஜ் வெளிச்சத்தில் நின்றபடி ஒருவர் கேக் க்ரீமை விரலால் வழித்துத் தின்கிறார். அடுத்து, சும்மா உட்கார்ந்திருக்கும் பூனையின் முகம், 4 விநாடி. மறுபடி அவர். விரல் வாயிலேயே நிற்கிறது. பூனை எதுவுமே செய்யவில்லை, ஆனால் தீர்ப்பு சொல்லிவிட்டது! கேமராவைத் தரையோடு இறக்கி, லென்ஸுக்கு மேல் அதற்குப் பிடித்த தீனியைக் காட்டினால் அந்தப் பார்வை கிடைக்கும்.

ரீல்ராஜா:
அந்தக் காட்சி பிரமாதம், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் முழுப் படமும் வெறும் முகத்தை வைத்தே ஓடினால் பாதியில் சலித்துவிடும். பின்னணியில் நாய்க்கு ஒரு குரல் கொடுக்கலாமா?

வால்நட்சத்திரம்:
கொடுங்கள், எனக்கும் பிடிக்கும். ஆனால் நடுங்குகிற நாய்க்கு ஜாலியான குரல் கொடுத்தால், அது நடுங்குவதே பார்ப்பவர் கண்ணில் படாமல் போய்விடும். குரல் போடுவதற்கு முன் காட்சியைச் சத்தமில்லாமல் ஒருமுறை ஓட்டிப் பாருங்கள்.

ரீல்ராஜா:
நாய்க்குச் சட்டை போட்டுப் படம் எடுக்கும் விஷயத்தில் மட்டும் நான் மாறமாட்டேன். பழகின நாய் சந்தோஷமாகப் போட்டுக்கொள்ளும்.

வால்நட்சத்திரம்:
அப்படியானால் சட்டையை விரித்துப் பிடித்துக் காத்திருங்கள். தானாகத் தலையை நுழைத்தால் கேமராவை ஓட்டுங்கள். பின்வாங்கினால் சட்டையை உரிமையாளருக்குப் போட்டுவிட்டுக் காட்சியை மாற்றி எழுதுங்கள்.