‘அடலசென்ஸ்’ பார்த்த பிறகு உங்கள் வீட்டில் என்ன பேச்சு நடந்தது?

நெட்ஃபிளிக்ஸில் 2025 மார்ச்சில் வந்த ‘அடலசென்ஸ்’ தொடரைப் பார்த்தவர்கள், அதுவும் இங்கே பிரிட்டனில் வளரும் பிள்ளைகளை வைத்திருப்பவர்கள், உங்கள் அனுபவத்தை எழுதுங்களேன். இன்னும் பார்க்காதவர்கள் இதோடு நிறுத்திக்கொள்ளலாம். கதையை உடைக்காமல் இதைப் பற்றிப் பேச வழியில்லை.

முதலில் நானே எழுதிவிடுகிறேன். நாங்கள் குரோய்டனில் இருக்கிறோம். பையனுக்கு 14 வயது.

வடக்கு இங்கிலாந்தில் ஒரு சாதாரணக் குடும்பம். அப்பா எடி மில்லர், பிளம்பர். விடியற்காலையில் போலீஸ் கதவை உடைத்துக்கொண்டு உள்ளே வருகிறது. கூடப் படிக்கும் கேட்டி என்ற பெண்ணைக் கத்தியால் குத்திக் கொன்றதாக 13 வயது ஜேமியைப் பிடித்துப் போகிறது. இங்கே 18 வயதுக்குக் கீழே இருப்பவர்களைப் போலீஸ் விசாரித்தால் பக்கத்தில் பொறுப்பான பெரியவர் ஒருவர் இருக்க வேண்டும் என்பது சட்டம். யார் வேண்டும் என்று கேட்கிறார்கள். ஜேமி அப்பாவைச் சொல்கிறான். எடி அவனிடம் தனியாகக் கேட்கிறார், நீ செய்தாயா என்று. இல்லை என்கிறான். அவர் நம்புகிறார். பிறகு விசாரணை அறையில் சிசிடிவி காட்சியைப் போட்டுக் காட்டும்போது, வக்கீலுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து அதைப் பார்க்க வேண்டியவரும் அவர்தான். பையன் தொட வரும்போது ஒரு நொடி விலகுகிறார். அப்புறம்தான் கட்டிப்பிடிக்கிறார். அந்த ஒரு நொடிக்காகவே எடியாக நடித்த ஸ்டீபன் கிரஹாமுக்கு எம்மி விருது கொடுத்திருக்கலாம் (கொடுத்தார்கள்).

நான்கு பகுதிகள், ஒவ்வொன்றும் ஒரே ஷாட். கேமரா எங்கேயும் வெட்டுவதில்லை. இதைப் பற்றி டெக்னிக்கலாக எல்லோரும் எழுதித் தள்ளிவிட்டார்கள். எனக்குப் பட்டது ஒன்றுதான்: வழக்கமான சீரியலில் அப்பா அழுதால் அடுத்த காட்சிக்குப் போய்விடுவார்கள், நமக்கும் தப்பித்த மாதிரி இருக்கும். இதில் போக இடமில்லை.

ஊரே மூன்றாம் பகுதியைப் புகழ்கிறது. மனநல நிபுணரும் ஜேமியும் ஓர் அறையில் உட்கார்ந்து பேசுவது. ஜேமியாக நடித்த ஓவன் கூப்பர் அதற்கு முன் நடித்ததே இல்லை, அந்தப் பகுதியைத்தான் முதலில் படமாக்கினார்களாம். 15 வயதில் எம்மியும் வாங்கிவிட்டான். சரி, தகுதியானதுதான். ஆனால் எங்கள் வீட்டில் வேலை செய்தது இரண்டாம் பகுதியில் வரும் ஒரு சின்னக் காட்சி. போலீஸ் ஆய்வாளர் பாஸ்கோம்ப் பள்ளிக்கூடத்தில் விசாரித்துக்கொண்டே போகிறார், ஒன்றும் பிடிபடவில்லை. அதே பள்ளியில் படிக்கும் அவருடைய மகன் ஆடம் அவரைத் தனியாக அழைத்துச் சொல்கிறான்: கேட்டி இன்ஸ்டாகிராமில் ஜேமிக்குப் போட்ட எமோஜிகள் நட்பு இல்லை, கேலி. அவனை ‘இன்செல்’ (துணை கிடைக்காததற்குப் பெண்களையே குறை சொல்லும் ஆண்) என்று குத்திக்காட்டியிருக்கிறாள். நூறு என்ற எமோஜி, 80 சதவீதப் பெண்கள் 20 சதவீத ஆண்களைத்தான் விரும்புவார்கள் என்ற இணையக் கதையைக் குறிக்கிறது. சிவப்பு மாத்திரை, ‘உண்மையைத் தெரிந்துகொண்டேன்’ என்பதன் அடையாளம். தொடர் முழுவதிலும் ஓர் அப்பா தன் மகன் சொல்வதைக் கேட்டு ஒன்றைத் தெரிந்துகொள்ளும் இடம் இதுதான்.

என் பையன் ரிமோட்டை எடுத்து நிறுத்தினான். இதய எமோஜியின் ஒவ்வொரு நிறத்துக்கும் ஓர் அர்த்தம் என்று ஆடம் சொல்வதைக் கேட்டு, “யாரும் இப்படியெல்லாம் போடறதில்லப்பா, பெரியவங்க உட்கார்ந்து எழுதினது” என்று சிரித்தான். பிறகு கரண்ட் பில்லைத் திருப்பி வைத்து அவனே எழுதிக்காட்ட ஆரம்பித்தான். ஆண்களைத் தரம் பிரிக்கும் சிக்மா, ஆல்ஃபா என்ற பெயர்கள், தாடை கூர்மையாவதற்கு நாக்கை மேலண்ணத்தில் ஒட்டிவைக்கும் மியூயிங், முகத்துக்கு மார்க் போடுவது. வகுப்பில் யார் யார் எதைச் செய்கிறார்கள் என்றும் வந்தது. எல்லாம் காமெடிக்குத்தான் என்றான். எல்லோருக்குமா என்று கேட்டேன். கொஞ்சம் யோசித்து ஒரு பையன் பெயரைச் சொன்னான், “அவன் மட்டும் நிஜமாவே சொல்றான்” என்று.

காமெடிக்குச் சொல்கிறவனும் நிஜமாகச் சொல்கிறவனும் ஒரே வாக்கியத்தைத்தான் சொல்கிறார்கள். பெற்றவர்களுக்கு வித்தியாசம் தெரியாது, பக்கத்து பெஞ்சுக்காரனுக்குத் தெரிகிறது.

* * *

அண்ணா, நான் கிழக்கு லண்டனில் ஒரு பள்ளிக்கூடத்தில் வகுப்பறை உதவியாளராக வேலை செய்கிறேன். யாழ்ப்பாணம் சொந்த இடம். மார்ச் கடைசியில் பிரதமர் ஸ்டாமர் தொடரை எடுத்தவர்களைக் கூப்பிட்டுக் கதைத்த பிறகு, உயர்நிலைப் பள்ளிகள் இதை இலவசமாகக் காட்டலாம் என்று நெட்ஃபிளிக்ஸ் விட்டது. (மனுசன் ஒரு தரம் வாய்தவறி இதை ஆவணப்படம் என்றும் சொன்னவர்.) நல்ல விசயம்தான். ஆனால் ஒரு தொடரைப் போட்டுக் காட்டினால் பிள்ளைகள் திருந்திவிடுவார்கள் என்று ஆசிரியர் அறையில் ஒருவரும் நம்பவில்லை.

பிள்ளைகள் தீவிரக் கருத்துகளுக்குள் இழுபட்டுப் போவது எங்களுக்குப் புதிதும் இல்லை. 2015 பெப்ரவரியில் பெத்னல் கிரீனில் இருந்து மூன்று பள்ளி மாணவிகள் ஐஎஸ் அமைப்பில் சேரச் சிரியாவுக்குப் போனது ஞாபகம் இருக்கும். முன்னமே காணாமல் போன ஒரு தோழியைப் பற்றி விசாரிக்கப் போலீஸ் கொடுத்த கடிதங்கள் பெற்றோரிடம் போகவில்லை, பிள்ளைகளின் கையில் போனது. அவர்கள் போன பிறகுதான் வீட்டாருக்கு அவை கிடைத்தன. அந்த வருடத்துச் சட்டத்தோடுதான், ஆட்கள் பயங்கரவாதத்தின் பக்கம் போகாமல் தடுக்கும் ‘பிரிவென்ட்’ திட்டம் பள்ளிக்கூடங்களுக்குக் கட்டாயக் கடமையானது. சந்தேகம் வந்தால் நாங்கள் பாதுகாப்புப் பொறுப்பாசிரியரிடம் எழுதிக் கொடுக்க வேண்டும். 2024 மார்ச் வரையான ஒரு வருடத்தில் இங்கிலாந்திலும் வேல்சிலுமாக 6,922 பேரைப் பற்றி இப்படி அறிவித்திருக்கிறார்கள். அதில் பத்தில் நான்கு பேர் 11 முதல் 15 வயதுப் பிள்ளைகள். அதில் சிறு பகுதிதான் ‘சனல்’ என்ற அடுத்த கட்டத்துக்குப் போகும். அதுவும் விருப்பத்தின் பேரில்தான், பிள்ளையென்றால் பெற்றோர் சம்மதம் வேண்டும்.

இனி நான் கண்டது. ஒன்பதாம் ஆண்டுப் பெடியன் ஒருவன், எங்கட ஆட்களின் பிள்ளை. பெண் ஆசிரியர்கள் சொன்னால் எழும்ப மாட்டான், ஆண் ஆசிரியர் வந்தால் எழும்புவான். ஒருநாள் வேலைத்தாளைக் கொடுக்கப் போன என்னிடம், “போய் சாண்ட்விச் செய்யுங்கோ மிஸ்” என்றான். பெண்ணின் இடம் சமையலறை என்ற இணையக் கேலி அது. பக்கத்தில் இருந்தவர்கள் எல்லாம் சிரித்தார்கள். அவன் சிரிக்கவில்லை, என் முகம் எப்படி மாறுகிறது என்று பார்த்துக்கொண்டிருந்தான். ஜேமி அந்த நிபுணரைப் பார்ப்பதும் இப்படித்தான். ஜேமி கத்தும்போது எனக்குப் பயம் வரவில்லை. கத்திவிட்டு, அவள் பயந்துவிட்டாளா என்று பார்க்கிறானே, அங்கேதான் வந்தது.

பெற்றோரைக் கூப்பிட்டார்கள், என்னைத் தமிழுக்கு இருத்தினார்கள். பொறுப்பாசிரியர் ‘பிரிவென்ட்’ என்ற பெயரை எடுத்ததுமே தகப்பனுக்குக் கை நடுங்கியது. அந்த மனிதர் கொழும்புச் சோதனைச் சாவடிகளில் இரவிரவாக நின்றவர். “தங்கச்சி, பிள்ளையைக் கொண்டுபோவினமோ?” என்று என்னிடம் மெல்லக் கேட்டார். மகன் என்ன சொன்னான் என்பது அவருக்கு அதன் பிறகு காதில் ஏறவே இல்லை. வீட்டில் அவன் அமைதி, அறையை விட்டு வெளியே வருவதில்லை, ஒரு கரைச்சலும் இல்லை என்று தாய் திரும்பத் திரும்பச் சொன்னா. நாலாம் பகுதியில் எடியும் மனைவியும் கட்டிலில் இருந்து கதைக்கும்போதும் இதுதான் வருகிறது: அறைக்குள் இருக்கிறான், பத்திரமாக இருக்கிறான் என்றல்லவா நினைத்தோம்.

அந்தப் பெடியனின் விசயம் ‘பிரிவென்ட்’ வரை போகவில்லை. பள்ளிக்கூடமே ஓர் ஆண் வழிகாட்டியை ஒழுங்கு செய்தது. இப்போது எழும்புகிறான். உள்ளே என்ன இருக்கிறது என்று எனக்குத் தெரியாது, தெரியும் என்று சொல்கிறவர்களை நம்பவும் மாட்டேன்.

* * *

எல்லோரும் ஜேமியைப் பற்றியும் ஜேமியின் அப்பாவைப் பற்றியுமே எழுதுகிறீர்கள். நான் பெண் குழந்தையின் அம்மா, கொவென்ட்ரி. என் மகள் பார்த்து முடித்ததும் கேட்டது: “அந்தப் பொண்ணோட அம்மா எங்கம்மா?”

எங்கேயும் இல்லை. கேட்டியின் பெற்றோரைக் காட்டவே இல்லை. அந்தப் பெண் போலீஸ் அதிகாரி மிஷா ஃபிராங்க் இதைச் சொல்லத்தான் சொல்கிறார், எல்லோருக்கும் ஜேமி ஞாபகம் இருப்பான், கேட்டி இருக்க மாட்டாள் என்று. சொல்லிவிட்டுத் தொடரும் அதையேதான் செய்கிறது. தெரிந்து செய்திருக்கிறார்கள் என்று ஒப்புக்கொள்கிறேன், இருந்தாலும் எனக்கு ஆறவில்லை.

இன்னொன்றையும் யாரும் எழுதவில்லை. கேட்டியின் அரைகுறை ஆடைப் படத்தை ஒருவன் ஸ்னாப்சாட்டில் பரப்பிவிடுகிறான். அதற்குப் பிறகு ஜேமி அவளிடம் போய் வெளியே வருகிறாயா என்று கேட்கிறான். ஏன் அப்போது? அவள் அந்த நேரத்தில் பலவீனமாக இருப்பாள், சம்மதிப்பாள் என்று கணக்குப் போட்டதாக அவனே நிபுணரிடம் சொல்கிறான். 13 வயசு! அந்தக் கணக்கை யார் சொல்லிக் கொடுத்தது? பெண் என்றால் சந்தைச் சரக்கு, விலை இறங்கும் நேரம் பார்த்துப் போக வேண்டும் என்று நாள் முழுக்கப் பேசும் வீடியோக்கள்தான். எமோஜியைவிட இதைத்தான் பையன்களோடு உட்கார்ந்து பேச வேண்டும்.

என் மகள் வகுப்பிலும் இப்படி ஒரு படம் சுற்றியது. மகளுடைய படம் இல்லை, அவள் தோழியுடையது. பார்த்தவர்கள் யாரும் வாயைத் திறக்கவில்லை. இந்தத் தொடர் பார்த்த பிறகுதான் மகள் என்னிடம் சொன்னாள், அதுவும் நான் பாத்திரம் கழுவிக்கொண்டு திரும்பி நிற்கும்போது. நான் திரும்பிப் பார்க்கவில்லை, பார்த்தால் நிறுத்திவிடுவாள். குழாயை மட்டும் மூடினேன். அந்தத் தோழியின் அம்மாவுக்கு இரவே போன் செய்தேன். அவருக்கு எதுவும் தெரிந்திருக்கவில்லை.

* * *

அக்கா சொல்வது சரி. ஆனால் தொடர் ரொம்ப மிகை என்று என் நண்பர்கள் வட்டத்தில் சிலர் சொல்வதால் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். இது ஒரே ஒரு வழக்கை வைத்து எழுதியதில்லை, சிறுவர்கள் சிறுமிகளைக் குத்திய பல செய்திகளைப் பார்த்துத்தான் யோசனை வந்தது என்று ஸ்டீபன் கிரஹாமே சொல்லியிருக்கிறார். 2021 ஆகஸ்டில் பிளிமத்தில் 22 வயதுக்காரன் தன் அம்மாவையும் 3 வயதுக் குழந்தை உட்பட இன்னும் நான்கு பேரையும் சுட்டுக் கொன்றான். அவன் இந்த இன்செல் பேச்சுகளில் ஊறிக் கிடந்தவன். மிகை என்று எப்படிச் சொல்வது?

பர்மிங்ஹாமில் சின்னதாக மளிகைக் கடை வைத்திருக்கிறேன். அதனால் எனக்கு ஒட்டிக்கொண்டது நாலாம் பகுதியில் வரும் கடைக் காட்சி. எடியின் 50ஆவது பிறந்தநாள். யாரோ அவருடைய வேனில் அசிங்கமாக எழுதிவிட்டுப் போகிறார்கள். அதை அழிக்கப் பெயின்ட் வாங்கப் போகிறார். கடையில் வேலை செய்யும் இளைஞன் நன்றாகத்தான் உதவுகிறான், எந்தப் பெயின்ட், எது நிற்கும் என்று. அப்புறம் குரலைத் தாழ்த்தி, நீங்கள் யார் என்று தெரியும், நான் உங்கள் பக்கம், என்னைப் போல நிறையப் பேர் இருக்கிறார்கள் என்கிறான். தன் மகனைக் கொண்டுபோன அந்தக் கூட்டத்தை எடி நேருக்கு நேர் பார்ப்பது இந்த ஓர் இடத்தில்தான். அது பல்லைக் காட்டிக்கொண்டு வரவில்லை, யூனிஃபார்ம் போட்டுக்கொண்டு மரியாதையாக வருகிறது. எடி அவனைத் திட்டவில்லை. வெளியே போய் பெயின்ட் டப்பாவைத் தூக்கி வேன் மேல் வீசுகிறார்.

என் கடையில் சரக்கு அடுக்க ஒரு 19 வயதுப் பையன் இருந்தான். காதில் எப்போதும் இயர்போன். வேலை சுத்தம், கல்லாவில் ஒரு பைசா குறையாது. ஆனால் பெண் வாடிக்கையாளர்கள் வெளியே போனதும் ஏதாவது சொல்வான், இவளுக்கு இத்தனை மார்க், இவள் புருஷன் பாவம் என்று. என் மனைவி அவனை வேலையை விட்டு நிறுத்தச் சொன்னார். நான் வாரா வாரம் மொத்தக் கடைக்குச் சரக்கெடுக்க வேனில் போகும்போது அவனைப் பக்கத்தில் உட்காரவைத்துக்கொண்டேன். என்னதான் கேட்கிறாய், எனக்கும் போடு என்றேன். போட்டான். முதல் பத்து நிமிடம் ஜிம், காலையில் எழுந்திருப்பது, கடன் வாங்காதே, எல்லாம் நல்ல புத்திதான்! நானே தலையாட்டினேன். அப்புறம்தான் மெதுவாகப் பெண்கள் பக்கம் திரும்புகிறது. அதற்குள் அதில் பேசுகிறவன் சொல்வதை நம்பிப் பழகியிருப்போம்.

வாதாடிப் பார்த்தேன், எடுபடவில்லை. அவனுக்குப் பதில் எல்லாம் மனப்பாடம். ஒருநாள், “உனக்கு நிஜமாகத் தெரிந்த பெண்கள் யார் யார்?” என்று கேட்டேன். அம்மா, பாட்டி, அப்புறம் என் மனைவி. அதோடு முடிந்தது பட்டியல். அவனே கொஞ்ச நேரம் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான். இப்போது வேறு வேலைக்குப் போய்விட்டான், விசேஷ நாட்களில் மெசேஜ் அனுப்புகிறான். மாறிவிட்டானா என்றால், தெரியவில்லை சகோ.

என் தம்பி மகளுக்கு 12 வயது, பையனுக்கு 10. அவர்களுக்குக் காட்டலாமா?

* * *

பத்து வயதுக்கு வேண்டவே வேண்டாம் சகோ. இங்கே 15க்கு மேல் என்றுதான் போட்டிருக்கிறார்கள். முதல் பகுதியில் பையனுடைய உடையைக் கழற்றிச் சோதிக்கும் இடம் வரும். காட்ட மாட்டார்கள், அப்பாவின் முகத்தைத்தான் காட்டுவார்கள், அதுவே பெரியவர்களுக்குத் தாங்காது. 12 வயதுப் பெண்ணுக்கு இரண்டாம் பகுதியில் அந்த அப்பா மகன் காட்சியை மட்டும் ஓட்டிக் காட்டச் சொல்லுங்கள். அப்பா அம்மா முதலில் தனியாக முழுவதும் பார்த்துவிடட்டும்.

கொவென்ட்ரி அக்கா, அந்தத் தோழிக்கு இப்போது எப்படி இருக்கிறது? படத்தைப் பரப்பியதற்குப் பள்ளிக்கூடம் என்ன செய்தது என்று முடிந்தால் எழுதுங்கள், இதே நிலைமையில் இன்னொரு வீடு எனக்குத் தெரியும்.