பார்வதி கிருஷ்ணனைப் பார்த்தவர்கள் இருக்கிறீர்களா?

எல்லோருக்கும் வணக்கம். குன்னூரிலிருந்து எழுதுகிறேன். எங்கள் அம்மாச்சி தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து பறித்தவர். அவருக்காகவே கம்யூனிஸ்ட் தலைவர் பார்வதி கிருஷ்ணன் பற்றி ஒரு கட்டுரை எழுதுகிறேன்.

சென்னை மாகாண முதல்வராக இருந்த சுப்பராயனின் மகள், ஆக்ஸ்போர்டில் படித்தவர். அப்படிப்பட்ட வீட்டுப் பெண் தொழிற்சங்கத்துக்கு வந்ததுதான் எனக்கு இன்னும் வியப்பு. மாநிலங்களவையில் இருந்தார், அப்புறம் 1957, 1974, 1977 என மூன்று முறை கோவை எம்.பி. இதெல்லாம் எளிதாகக் கிடைத்துவிட்டது.

எனக்கு வேண்டியது நம் மலைப்பக்கத்துக் கதை. அவர் இங்கே எஸ்டேட் கூட்டங்களில் பேசிக் கேட்டவர்கள் உங்கள் வீட்டில் இருக்கிறார்களா? பழைய சங்க நோட்டீஸ், போட்டோ, சந்தா ரசீது எதுவானாலும் சரி, படம் எடுத்து இங்கே போடுங்கள். பெரியவர்கள் பேசச் சம்மதித்தால் லைன் வீட்டுக்கே (தோட்டத் தொழிலாளர் குடியிருப்புக்கே) வந்து கேட்டுக்கொள்கிறேன். கேட்டவர்களுக்கு வயதாகிக்கொண்டே போகிறது, அதனால்தான் அவசரப்படுகிறேன்.